அமீர் ஹம்சாவுக்கு ஆஜர்

ஆர்.எஸ்.புரத்தில் ஒரு பட்டுக்கடையின் மாடியில் ஒரு கோயில் இருக்கிறது. அங்கே சிலை கிடையாது, விளக்கு கிடையாது. கற்பூரத்தையும் தீப்பெட்டியையும் மாடிப்படியின் கீழேயே வாங்கி வைத்துக்கொள்வார்கள். கருவறை இருக்க வேண்டிய இடத்தில் ஒரு தேக்கு முக்காலி, அதன்மேல் ஓரம் கருகிய ரெஜிஸ்டர் அட்டை ஒன்று. உள்ளே ஒரு தாள்கூட இல்லை. ஞாயிறு காலை பத்து மணிக்குக் கீழே நின்றால், மேலே ஒருவர் பெயர் பெயராகக் கூப்பிடுவதும் "ஆஜருங்க!" என்று ஒவ்வொரு குரலாகப் பதில் வருவதும் கேட்கும். பட்டெடுக்க வந்தவர்கள், மாடியில் ஏதோ முதியோர் பள்ளிக்கூடம் நடக்கிறது என்று நினைத்துக்கொண்டு போய்விடுவார்கள்.

இதுதான் ஆஜர் மார்க்கம். இது பிறந்த கதை ரொம்பப் பெரியதில்லை. எண்பத்து நாலில் பூங்கோதை மில்லின் டைம் ஆபீஸ் தீப்பிடித்து, ஆஜர் புத்தகங்கள் அத்தனையும் சாம்பலாயின. யார் யார் வேலை பார்த்தார்கள் என்பதற்கு எழுத்தில் ஒரு வரி இல்லை. எழுத்தில் இல்லாதவர்களை எப்படி உள்ளே விடுவது என்று நிர்வாகம் கையை விரித்தது. அப்போது ஸ்பின்னிங் மேஸ்திரி அரங்கசாமி, மில் கேட்டுக்கு முன்னால் ஒரு எண்ணெய் டின்மேல் ஏறி நின்று, முந்நூற்றுப் பதினொரு பெயரையும் டிபார்ட்மென்ட் வாரியாக மனப்பாடமாகக் கூப்பிட்டார். வந்திருந்தவர்கள் ஆஜர் சொன்னார்கள். காய்ச்சலில் கிடந்தவர்களுக்குப் பக்கத்து மெஷின்காரர் ஆஜர் சொன்னார். ஆளே இல்லாமல் நீ எப்படிச் சொல்லலாம் என்று அதிகாரி அதட்டினால், அந்தக் காய்ச்சல்காரரின் நடை, பேச்சு, டீ குடிக்கிற விதம் என்று அவர் எடுத்துவிட, மூன்று பேர் எழுந்து "ஆமாங்க" என்றார்கள். பொழுது சாய்வதற்குள் அத்தனை பேருக்கும் வேலை திரும்பக் கிடைத்துவிட்டது.

அப்படி ஒரு நாளைப் பார்த்த மனிதர்கள் சும்மா வீட்டுக்குப் போவார்களா? வருடத்துக்கு ஒரு முறை கூடினார்கள். பிறகு வாரத்துக்கு ஒரு முறை. மில் மூடிய பிறகும் கூடினார்கள். அவரவர் கோயிலும் பள்ளிவாசலும் அவரவருக்கு, இது அதற்கும் மேலே ஒன்று என்றார்கள். ஒருவர் இறந்துபோனால் இன்னொருவர் அவரைச் சுமக்க வேண்டும். சுமப்பதென்றால் அந்த ஆளைப் பல்லுக்குச்சி வரை மனதில் வைத்திருப்பது, பெயர் கூப்பிடும்போது அவருக்காக ஆஜர் சொல்வது. எழுதி வைக்கக் கூடாது, செல்போனில் பதியக் கூடாது. தாளை நம்பித்தானே மோசம் போனோம் என்பது அவர்கள் கட்சி. கூடத்துக்கு வருகிற தபாலைக்கூடப் பிரிக்காமல் தீப்பெட்டிகளோடு சேர்த்துக் கீழேயே போட்டுவிடுவார்கள். மூன்று பேர் "ஆமாங்க" என்றால் அது உண்மை. அவர்களுடைய வேதம் அவ்வளவுதான். பூசை முடிந்ததும் டீயும் வர்க்கியும்.

இந்தக் கூடத்தில் பங்காரம்மாவைத் தெரியாதவர் இல்லை. மில் டைம் ஆபீஸில் கிளார்க்காக இருந்தவள். எரிந்துபோன புத்தகத்தின் கடைசி ஆறு மாதமும் அவள் கையெழுத்துதான். இப்போது அறுபத்தொரு வயது. மில்லில் மெஷின் பெல்ட் தைத்துக்கொண்டிருந்த அமீர் ஹம்சாவை இருபத்திரண்டு வருடமாகச் சுமக்கிறாள். சுமக்கும் ஆளைப் பற்றிப் பேச அவளுடைய முறை வருகிற ஞாயிறுகளில் கோபிசெட்டிபாளையத்திலிருந்தெல்லாம் வேன் பிடித்து வருவார்கள். அமீர் ஹம்சா எப்படி நடப்பார், எப்படித் தும்முவார் என்று அவள் சொல்லிக்காட்டினால் கூடம் விழுந்து விழுந்து சிரிக்கும். அவரை ஒரு முறைகூடப் பார்த்திராத பேரன் பேத்திகள்கூட அவரைப் போலவே நடந்து காட்டுவார்கள்.

எண்பத்திரண்டு வயதான அரங்கசாமிதான் இன்றைக்கும் மேஸ்திரி. பெயர் கூப்பிடுகிறவருக்கு அங்கே அதுதான் பட்டம். வருகிற ஞாயிறு வருடாந்திரப் பேராஜர். அன்றைக்கு அவர் இறங்கிக்கொள்வார், பங்காரம்மா மேஸ்திரி ஆவாள் என்று முடிவாகியிருந்தது. அவளுக்கும் ஆசை. சாதாரண ஆசை இல்லை. வெங்காயம் நறுக்கும்போதுகூட முந்நூற்றுப் பதினொரு பெயரையும் வரிசை பிசகாமல் சொல்லிப் பார்க்கிற ஆசை. கல்யாணத்தைக்கூட அவள் இவ்வளவு ஆவலாக எதிர்பார்த்ததில்லை என்று அவள் புருஷனே சொல்வார்.

அந்த வாரம் புதன்கிழமை அவள் வெள்ளகோவிலுக்குப் போனாள். அண்ணன் மகள் பூஜிதா அங்கே புது வீடு கட்டியிருந்தாள். பஸ்ஸிலிருந்து இறங்கும்போது கைப்பையின் வார் பட்டென்று அறுந்தது. எதிரே ஒரு சின்னக் கடை. வாசலில் பைகளும் வண்டி சீட் கவர்களும் தொங்கின. உள்ளே ஒரு பெரியவர் குனிந்து தைத்துக்கொண்டிருந்தார். பங்காரம்மா பையை நீட்டினாள். அவர் ஏறிட்டுப் பார்க்காமலே வாங்கி, நூலில் மெழுகு தேய்த்து, இடது பக்கப் பல்லால் கடித்து அறுத்தார். வலது பக்க முன்பல் பாதிதான் இருந்தது. பிறகு ஊசியைக் கண்ணுக்கு நேரே பிடித்து, "வாடி ராசாத்தி" என்று கொஞ்சிவிட்டு வாரில் ஏற்றினார்.

பங்காரம்மா அவருடைய வாயையே பார்த்தாள். சோடா மூடியைப் பல்லால் திறக்கப்போய் வலது முன்பல் உடைந்தது, அதனால் நூலை இடது பக்கமாகக் கடிப்பது, ஊசியை ராசாத்தி என்று கூப்பிடுவது... இருபத்திரண்டு வருடமாகக் கூடத்தில் அவள் வாயால் சொல்லிக்கொண்டிருப்பது இதையெல்லாம்தான்.

"ஏனுங்க பாய்... நீங்க பூங்கோதை மில்லுங்களா?"

பெரியவர் நிமிர்ந்தார். கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றினார். முகமெல்லாம் மலர்ந்துவிட்டது. "அட, டைம் ஆபீஸ் அம்மணி! வாங்க வாங்க! நல்லா இருக்கீங்களா?"

"நீங்க செத்துப்போயிட்டீங்களே!" என்று அலறிவிட்டாள் பங்காரம்மா.

"எப்பங்க? எனக்கு யாருமே சொல்லலீங்களே."

அமீர் ஹம்சா கிண்டல் செய்யவில்லை, நிஜமாகவே விசாரித்தார். உள்ளேயிருந்து அவர் மனைவி ஜன்னத் டீயோடு வந்தாள். ஸ்டூல் போட்டு உட்காரவைத்து, மூவருமாகச் சிக்கெடுத்தார்கள். மில் மூடியதும் அமீர் ஹம்சா மாமியார் ஊரான வெள்ளகோவிலுக்கு வந்துவிட்டார். அடுத்த வருடம் கோட்டைமேட்டில் அவர் குடியிருந்த அதே தெருவில் இன்னொரு அமீர் ஹம்சா, அத்தர் விற்கிறவர், காலமானார். அந்தச் செய்தி ஒரு சலூனில் பேசப்பட்டபோது மில்காரர்கள் மூன்று பேர் முடிவெட்ட வரிசையில் உட்கார்ந்திருந்தார்கள். அந்த ஞாயிற்றுக்கிழமையே கூடத்தில் மூன்று பேரும் எழுந்து சொல்லிவிட்டார்கள். முதலில் எழுந்தவர் அரங்கசாமி. மூன்று பேர் ஆமாங்க என்றால் முடிந்தது கதை. வீட்டுக்குப் போய்க் கேட்பதோ சர்டிபிகேட் பார்ப்பதோ அவர்கள் மார்க்கத்திலேயே இல்லை.

"கூடத்துக்கு ரெண்டு லெட்டர் போட்டனுங்களே அம்மணி," என்றார் அமீர் ஹம்சா. "இந்த மாதிரி, இங்க கடை வெச்சிருக்கறேன், எல்லாரும் ஒருக்கா வாங்கன்னு. பதிலே வல்லீங்க. சரி, நம்மள மறந்துட்டாங்களாட்டிருக்குதுன்னு உட்டுப்போட்டேன்."

பங்காரம்மா டீ தம்ளரைக் கீழே வைத்துவிட்டாள். தீப்பெட்டிகளோடு சேர்ந்து கிடக்கிற தபால் கட்டு அவள் கண்ணுக்கு முன்னால் வந்தது. ஒரு ஞாயிறுகூட விடாமல் இந்த மனிதரை நூற்றுக்கணக்கான பேர் நினைத்துக்கொண்டிருந்திருக்கிறார்கள். இவர் இங்கே உட்கார்ந்துகொண்டு, எல்லோரும் தன்னை மறந்துவிட்டார்கள் என்று இருபத்திரண்டு வருடம் நினைத்துக்கொண்டிருந்திருக்கிறார். அவளுக்கு அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்து, எதை முதலில் விடுவதென்று தெரியவில்லை.

"மறக்கறதா? உங்களயா? இருங்க, சொல்றேன்," என்று எழுந்து நின்றாள். கூடத்தில் எப்படிச் சொல்வாளோ அப்படியே ஆரம்பித்தாள். அவர் பாதம் இரண்டும் வெளிப்பக்கம் பார்க்க நடப்பதை நடந்து காட்டினாள். மூன்று தும்மல் தும்மினால்தான் அவருக்கு ஒரு தும்மல் முடியும் என்பதைத் தும்மிக் காட்டினாள். சீட் கவர் வாங்க வந்த இரண்டு பேர் வாயைப் பிளந்துகொண்டு நின்றார்கள்.

"வேலை செய்யறப்ப பாடுவாருங்க. மெஷின் சத்தத்தயும் மீறி, பட்டறை பூராவும் தேனாட்டம் பாயுமுங்க!"

"யாரு, இவுங்களா?" என்றாள் ஜன்னத். "அம்மணி, இவுங்க பாடுனா பக்கத்து ஊட்டு ஆடு கயித்த அறுத்துக்கிட்டு ஓடுமுங்க."

"அது வந்துங்க... இருவது வருசத்துல கொஞ்சங் கொஞ்சமா நல்லாப் போச்சுங்க," என்று பங்காரம்மா ஒப்புக்கொண்டாள். அமீர் ஹம்சா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்.

"மத்தியானம் பன்னெண்டு மணிக்கு அவுங்கம்மா சோத்துப் போசியோட மில்லு கேட்டுக்கு வருவாங்க. பெல்ட்டுத் துணியில ஒட்டுப் போட்ட கொடை. சங்கு ஊதறதுக்கு முன்னாலயே, 'அம்சா, சாறு ஆறுது, சாமி, மெஷினு எங்கயும் போகாது'ன்னு ஒரு கொரல். அந்தக் கொரலுக்குத்தான் வாட்ச்மேன் கெடியாரத்தத் திருப்பி வெப்பாருங்க."

சிரிப்பு நின்றுவிட்டது. அமீர் ஹம்சா ஊசியைக் கீழே வைத்தார். "அதத் திருப்பிச் சொல்லுங்க," என்றார். பங்காரம்மா திருப்பிச் சொன்னாள், அந்த அம்மாவின் இழுவையோடு. "மெஷினு எங்கயும் போகாது... ஆமா, அப்படித்தான் சொல்லும்," என்றார் அவர். "எனக்கு மறந்தே போச்சுங்க அம்மணி. அம்மா போட்டோகூட எங்ககிட்ட இல்ல. இத்தன வருசமா அந்தக் கொரலு உங்ககிட்டயா இருந்துச்சு?" துண்டால் முகத்தை அழுத்தித் துடைத்துக்கொண்டார். ஜன்னத் அவர் தோளில் கை வைத்தாள்.

விஷயம் இத்தோடு முடிந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். ஆனால் மார்க்கத்தில் ஒரே ஒரு தண்டனை உண்டு, அது இதற்கென்றே வைத்ததைப் போலிருந்தது. உயிரோடிருப்பவரை இறந்தவராகச் சுமந்தவருக்கு ஒரு வருடம் வாய்க்கட்டு. கூடத்துக்கு வரலாம், ஒரு மூலையில் உட்காரலாம், வாயைத் திறக்கக் கூடாது. வாய் திறக்க முடியாதவள் மேஸ்திரி எப்படி ஆவது? பங்காரம்மா அதையும் மறைக்காமல் சொன்னாள்.

அமீர் ஹம்சா ஒரு நொடிகூட யோசிக்கவில்லை. "இவ்வளவுதானுங்களா? நீங்க மேஸ்திரி ஆகுங்க அம்மணி. நான் செத்தவனாவே இருந்துக்கறேன். இத்தன வருசம் செத்துத்தான இருந்துருக்கறேன், ஒரு சங்கடமும் இல்லீங்க."

"நல்ல பேச்சு! நடு ஊட்டுல உக்காந்து மூணு வேள தின்னுபோட்டு, செத்தேன்கறதப் பாரு," என்றாள் ஜன்னத். பிறகு பங்காரம்மாவைப் பார்த்து மெதுவாகக் கேட்டாள்: "இவுங்க இங்க இருக்கறாங்கன்னு தெரிஞ்சும், ஞாயித்துக்கெழம இவுங்களுக்கு நீங்க ஆஜர் சொல்லுவீங்களா?"

பங்காரம்மா தையல் கூலியை ஸ்டூல்மேல் வைத்தாள். தைத்த பையை வாங்கிக்கொண்டு பூஜிதா வீட்டுக்குப் போனாள். அங்கே பாயசத்தை ஆறவிட்டுவிட்டு வந்தாள்.

வியாழன், வெள்ளி, சனி மூன்று நாளும் அவள் வீட்டில் வெங்காயம் நறுக்கப்பட்டது. பெயர்கள் மட்டும் ஓடவில்லை. புளோ ரூம் ஓடும், கார்டிங் ஓடும், ஸ்பின்னிங் ஓடும், பட்டறை வந்து அமீர் ஹம்சா என்றதும் வண்டி நின்றுவிடும். யாருக்குத் தெரியப்போகிறது என்று ஒரு மனம் சொன்னது. நாளைக்கு மேஸ்திரியாகி முந்நூற்றுப் பதினொரு பெயரைக் கூப்பிடும்போது அதில் ஒன்று பொய் என்று உனக்குத் தெரியுமே என்றது இன்னொரு மனம். அவளுக்குத் தன்மேலேயே கோபம் கோபமாக வந்தது. இவ்வளவு ஆசைப்படாமல் இருந்திருக்கலாம் என்று தோன்றியது.

ஞாயிற்றுக்கிழமை கூடத்தில் எள் போட இடமில்லை. கோபிக்காரர்கள் இரண்டு வேனில் வந்திருந்தார்கள். அரங்கசாமி வெள்ளை வேட்டியில், முக்காலிக்குப் பக்கத்தில், பழைய எண்ணெய் டின்மேல் ஒரு பையன்போல் ஏறி நின்றார். பெயர்கள் கிளம்பின. இருக்கிறவர்கள் தங்களுக்குச் சொன்னார்கள், இல்லாதவர்களுக்குச் சுமக்கிறவர்கள் சொன்னார்கள். ஆஜருங்க, ஆஜருங்க என்று கூடம் மில் ஓடுகிற மாதிரி ஓடியது.

"பட்டறை. அமீர் ஹம்சா."

பதில் இல்லை. நாற்பது வருடத்தில் அந்தக் கூடத்தில் ஒரு பெயர் அந்தரத்தில் நின்றதில்லை. அரங்கசாமி காதில் விழவில்லையோ என்று இன்னொரு முறை கூப்பிட்டார். எல்லாத் தலையும் பங்காரம்மாவின் பக்கம் திரும்பியது.

அவள் எழுந்தாள். "நான் சொல்ல முடியாதுங்க, மேஸ்திரி. அவரு வெள்ளகோவில்ல உசுரோட இருக்கறாருங்க. என்ற பையப் புதன்கெழம தச்சுக் குடுத்தாருங்க." சாட்சிக்குப் பையைத் தூக்கிக் காட்டினாள். "இருவத்திரண்டு வருசமா உசுரோட இருக்கற மனுசனச் சொமந்துபோட்டேன். எனக்கு என்ன உண்டோ அதக் குடுத்துருங்க."

அரங்கசாமி தாடையைத் தடவினார். வேதம் அவருக்கு முன்னால் வந்து நின்றது. "அம்மணி, நீ ஒருத்தி சொன்னா ஆச்சா? அவரு செத்ததுக்கு மூணு பேரு ஆமாங்கன்னிருக்கறாங்க. இருக்கறாருங்கறதுக்கும் மூணு பேரு வேணுமல்ல?"

"ரெண்டாவதுக்கு நான் இருக்கறனுங்க!" என்று மாடிப்படியிலிருந்து ஒரு குரல் வந்தது. ஜன்னத் மூச்சு வாங்க ஏறி வந்துகொண்டிருந்தாள். "நாப்பத்தாறு வருசமா சோறு போடறேன். இருக்கறாருங்க, நல்லாவே இருக்கறாருங்க. செத்தவனாவே இருந்துக்கறேன்னவரக் கையோட கூட்டியாந்துட்டேன்."

அவளுக்குப் பின்னால், பாதம் இரண்டும் வெளிப்பக்கம் பார்க்க, ஒருவர் வந்து வாசலில் நின்றார். கூடத்துக் குழந்தைகளுக்கு அந்த நடை தெரியும். "அமீர் ஹம்சா!" என்று முதலில் கத்தியது அவர்கள்தான். அவர் மூன்று முறை தும்மினார், படியேறிய தூசி. அதோடு கூடம் எழுந்துவிட்டது.

"மூணாவதுக்கு நானே இருக்கறனுங்க, மேஸ்திரி," என்றார் அமீர் ஹம்சா. "செல்லுமுங்களா?"

அரங்கசாமி டின்மேல் நிமிர்ந்து நின்றார். தொண்டையைச் செருமிக்கொண்டு முறைப்படியே கூப்பிட்டார்: "பட்டறை. அமீர் ஹம்சா."

"ஆஜருங்க!"

அடுத்த கால் மணி நேரம் அங்கே பூசையா நடந்தது? கட்டிப்பிடித்தார்கள், அழுதார்கள், பல்லைக் காட்டச் சொன்னார்கள், ஒரு பாட்டுப் பாடச் சொன்னார்கள். பாடினார். ஜன்னத் சொன்னது கொஞ்சமும் மிகையில்லை என்று தெரிந்தது. கீழே பட்டுக்கடைக்காரர், என்னவோ ஏதோவென்று ஓடி வந்தார்.

சத்தம் அடங்கியதும் அரங்கசாமி டின்னிலிருந்து இறங்காமலே சொன்னார்: "சட்டம் சட்டந்தான். பங்காரம்மாவுக்கு இந்த நிமிசத்துலருந்து ஒரு வருசம் வாய்க்கட்டு. அன்னைக்கு சலூன்ல கேட்டதுக்கு மொதல்ல ஆமாங்கன்னவன் நானு. இந்தப் பேராஜர முடிச்சுப்போட்டு நானும் கட்டிக்கறேன். இந்த ஒரு வருசம் பேரு கூப்பிடறத மத்தவங்க மாத்தி மாத்திப் பாத்துக்குங்க. கீழ கெடக்கற லெட்டர்கள இன்னைக்கே எல்லாருமா உக்காந்து பிரிக்கோணும். தாள நம்ப வேண்டாம், சரி. ஒரு தரம் பாத்தா என்ன கொறஞ்சு போகுது?"

பங்காரம்மா தலையாட்டிவிட்டு மூலையில் போய் உட்கார்ந்தாள். மேஸ்திரி பதவி கைக்கெட்டும் தூரத்தில் வந்து நழுவிப் போனது வலித்தது. இல்லை என்று சொன்னால் பொய். ஆனால் அந்த முந்நூற்றுப் பதினொரு பெயரில் இப்போது ஒன்றும் பொய்யில்லை. சந்தோஷமாக மூச்சு விட்டாள்.

பெயர்கள் மறுபடி கிளம்பின. பட்டறை முடிந்தது, வைண்டிங் முடிந்தது, கேன்டீன் முடிந்தது. வரிசையில் கடைசி டைம் ஆபீஸ்.

"டைம் ஆபீஸ். பங்காரம்மா."

பழக்கத்தில் வாய் திறந்துவிட்டது. அவள் கையால் பொத்திக்கொண்டாள். அரங்கசாமியும் அப்போதுதான் அதை யோசித்திருக்க வேண்டும், திகைத்து நின்றார். அந்தக் கூடத்தில் பதில் வராத பெயர் என்றால் மறந்துபோன ஆள் என்று அர்த்தம். அன்றைக்கு இரண்டாவது முறையாக ஒரு பெயர் அந்தரத்தில் நின்றது.

"ஆஜருங்க!"

அமீர் ஹம்சா எழுந்து நின்றிருந்தார்.

"உசுரோட இருக்கறவங்களுக்கு இன்னொருத்தரு சொல்லலாமுங்களா?" என்று யாரோ கேட்டார்கள்.

"எம்பத்து நாலுல காய்ச்சக்காரங்களுக்குச் சொன்னமே, அவங்கெல்லாம் செத்தா கெடந்தாங்க?" என்றார் அரங்கசாமி. அவர் முகம் எண்ணெய் டின்மேல் நின்ற அந்தப் பழைய நாள்போல் பளிச்சென்றிருந்தது. "நாமதான் நடுவுல மறந்துபோயிட்டமாட்டிருக்குது. சொல்லுங்க பாய். முறைப்படி அந்த அம்மணியப் பத்தி ஏதாச்சும் சொல்லுங்க."

அமீர் ஹம்சா பாதங்களை வெளிப்பக்கம் திருப்பி வாகாக நின்றுகொண்டார். இருபத்திரண்டு வருடத்துக்குப் பதில் சொல்லப்போகிறவர்போல் ஒரு முறை தொண்டையைக் கனைத்தார்.

"புதன்கெழமைங்க. வெள்ளகோவில் பஸ் ஸ்டாண்டுல ஒரு பையோட வாரு அறுந்துச்சுங்க. அந்தப் பைக்குள்ள எங்கம்மா கொரல வெச்சிருந்தாங்க, இந்த அம்மணி. பத்தரமா வெச்சிருந்து, என்ற கையில குடுத்துட்டாங்க."

மூன்று பேர் சொன்னால் போதும். அன்றைக்குக் கூடம் மொத்தமும் "ஆமாங்க" என்றது. பங்காரம்மா மூலையில் உட்கார்ந்து, இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டு, குலுங்கிக் குலுங்கிச் சிரித்தாள்.